காவலாளி தூங்கும் நாள்

பழைய காலண்டரில் விரலை ஓட்டியபடியே இன்னொரு கையால் போனின் பின்மூடியைக் கழற்றுவாள் லதாய். தீவுத் தலைநகரான நுகுஅலோபாவின் சந்தையில், கிழங்குக் குவியலுக்கும் பாய்க் கடைக்கும் நடுவே அவள் மேசை. தலைக்கு மேலே தொங்கும் காலண்டரோ என்றைக்கோ முடிந்துபோன வருடத்தினுடையது. சீண்டுகிறவர்களுக்குப் பதில் தயார்: "எனக்கு வேண்டிய காவலாளி இந்த வருஷத்துலதான்யா தூங்குறான்!"

பட்டன் வைத்த பழைய ஸ்மார்ட்போனுக்குள் இருக்கிறான் அந்தக் காவலாளி. கம்பெனி கையெழுத்துப் போடாத செயலி எதையும் உள்ளே விடமாட்டான். லதாய் போனின் தேதியை அந்தக் காலண்டரின் வருடத்துக்குப் பின்னுக்குத் தள்ளுவாள்; காலாவதியான சான்றிதழுக்கு உயிர் வந்துவிடும். அதைக் காட்டிக் குட்டி நிரல் ஒன்றை உள்ளே அனுப்பி அவனைக் கிடத்திவிட்டால், அப்புறம் யார் வேண்டுமானாலும் நுழையலாம். ஒவ்வொரு முறையும் அவளுக்குப் புதையல் தோண்டுகிற பரபரப்புதான். உதட்டைக் கடித்துக்கொண்டு, செருப்பை உதறிவிட்டு, நின்றபடியே செய்வாள்.

ஒரே ஒரு பிடிவாதம் உண்டு. பின்னுக்குப் போகிற நாள் ஞாயிறாக இருக்கக் கூடாது. ஞாயிற்றுக்கிழமை, கர்த்தரின் ஓய்வுநாளில், சுத்தியல் சத்தம் கேட்டாலே முறைக்கிற ஊர் இது. ஒருமுறை கண் தவறி ஞாயிறு விழுந்துவிட, முடிந்த வேலையை முழுக்க அழித்துவிட்டு மறுபடி செய்தாள். "போனுக்கும் ஓய்வுநாள்தானே?"

இந்தச் சனிக்கிழமை மாலை, மரியாதைக்காக இடுப்பில் சுற்றிக் கட்டும் பாய் சொட்டச் சொட்ட ஓடிவந்தார் கிறிஸ்தவக் கோயில் பாட்டு மாஸ்டர் செமிசி. படகிலிருந்து இறங்கும்போது போன் கடலுக்குள் போய்விட்டதாம். நாளை பெரிய கூட்டத்தில் பாட வேண்டும்; கடைசிப் பயிற்சி இன்றைக்குத்தான்.

இந்த ஊர்ப் பாடகர்களின் கரும்பலகையில் சுரங்கள் எண்களாகவே நிற்கும், மூன்றிலிருந்து ஒன்பது வரை. பட்டன் போனிலும் அதே எண்கள் இருக்கின்றனவே! மூன்றை அமுக்கினால் முதல் சுரம் ஒலிக்கும்படி செயலி எழுதியவள் லதாய். தன் வாழ்நாளில் அவள் எழுதிய ஒரே செயலி அதுதான். அது ஓடிக்கொண்டிருந்த ஒரே போனும் இப்போது மீன்களிடம்.

"சீக்கிரம் லதாய்! இது இல்லேன்னா அடிக்குரல்காரனுங்க சுருதிய இறக்கிடுவானுங்க."

"நீங்க போனையே இறக்கிட்டீங்க மாஸ்டர். அவனுங்கள ஏன் திட்டுறீங்க?"

"வாய் மட்டும் நல்லா ஓடுது. கை ஓடுதா?"

ஓடியது. இன்னொரு பழைய போனை எடுத்தாள், தேதியைத் தள்ளினாள், நிரலை அனுப்பினாள். காவலாளி மறித்தான். மறுபடி அனுப்பினாள். கோயில் மரமுரசு கொட்டத் தொடங்கியது. செமிசி சந்தை வாசலுக்கும் மேசைக்குமாக நடந்தார். பாய்க் கடைக்காரி வியாபாரத்தை விட்டுவிட்டு எட்டிப் பார்த்தாள். மூன்றாம் முறை எதிர்ப்பே இல்லை. மெமரி கார்டில் வைத்திருந்த தன் செயலியை உள்ளே இழுத்துவிட்டு, மூச்சுவிடாமல் மூன்றை அமுக்கினாள்.

'ம்ம்...' என்று ஒலித்தது முதல் சுரம்.

"விழுந்துட்டான்! விழுந்துட்டான் மாஸ்டர்!" என்று வெறுங்காலோடு குதித்தாள். செமிசி அங்கேயே ஐந்தையும் ஏழையும் அமுக்கி, கூடவே பாடிப் பார்த்தார். பாய்க் கடைக்காரியும் சேர்ந்துகொண்டாள்.

அப்போதுதான் திரையின் மூலையைப் பார்த்தாள் லதாய். அவசரத்தில் காலண்டரைப் பார்க்கவே இல்லை. தள்ளிவைத்த தேதி, ஞாயிறு.

முரசு இன்னும் கொட்டிக்கொண்டிருந்தது.

"குடு, நேரமாச்சு. ஏன் பிடிச்சுக்கிட்டே நிக்கிற?" என்று கையை நீட்டினார் செமிசி.

"நானும் வர்றேன் மாஸ்டர். நீங்க அமுக்குங்க, நான் பிடிச்சுக்கறேன்" என்று செருப்பைக்கூட மாட்டாமல் கிளம்பினாள். கோயில்வரைக்கும், பயிற்சி முடியும்வரைக்கும், அவள் கட்டைவிரல் அந்த மூலையை விட்டு நகரவில்லை.