தங்கம் பூசாத தரைத்தவளை

1. மினுக்கம்

தவளைக்குத் தங்கப் பூச்சு அடிக்கச் சொன்ன அன்றுதான் நான் என் முதலாளியை முதன்முதலாக எதிர்த்துப் பேசினேன். அதற்கு முன் ஆறு வருடம் அவர் சொன்ன எல்லாவற்றுக்கும் அடித்திருக்கிறேன்: மணவறைத் தூண், அன்னம், யானை. தமிழ்க் கடைகள் நிறைந்த லாச்சப்பலில் முதலாளி சிறி அண்ணையின் கலியாண அலங்காரக் கடை, கடைக்குக் கீழே நிலவறையில் எங்கள் பட்டறை. அங்கே ஒரே சட்டம்தான். வீடியோவில் மினுங்க வேண்டும்.

புறநகர்ப் பூங்கா ஒன்றில் பிள்ளைகளுக்கான மழைக்காட்டுக் கண்காட்சி வைக்கப்போகிற பிரெஞ்சுப் பெண்மணி ஒருவர், எங்கள் வாயில் 'மடம்', எங்கள் பைபர் யானையைக் கண்ணாடிக்குள் பார்த்துவிட்டு உள்ளே வந்தார். சொலமன் தீவுகளில் உதிர்ந்த இலைகளுக்கிடையே வாழும் ஒரு தரைத்தவளை வேண்டும் என்றார். மூன்று படமும் ஒரு பக்கக் குறிப்பும் தந்தார். அந்தத் தவளையைப் பற்றி அதற்குமேல் தங்களுக்கும் அதிகம் தெரியாதாம்.

அந்த ஒரு பக்கப் பிரெஞ்சை, நான் குடியிருக்கும் பியர்ஃபித்திலிருந்து வேலைக்கு வரும் ரயிலில் போனை வைத்துக்கொண்டு மூன்று நாள் படித்தேன். இந்தத் தவளைக்குக் குளம் வேண்டாம். ஈர மண்ணில் முட்டையிடும், வாற்பேத்தை என்கிற வால் முளைத்த குஞ்சுப் பருவம் கிடையாது, முட்டைக்குள்ளேயே முழுத் தவளையாகி வெளியே வரும். பிடித்துப்போயிற்று எனக்கு.

2. மாட் வேர்னிஸ்

இந்த வேலைக்கு வரும் பிள்ளைகளுக்குச் சொல்கிறேன். ரெசின் வார்ப்புக்கு எடுத்தவுடன் நிறம் விசிறும் எயார்பிரஷைத் தூக்காதீர்கள். முதலில் கருமண் நிறம், காய்ந்தபின் ஈர ஸ்பொஞ்சால் நாலு வகைப் பழுப்பைத் தொட்டுத் தொட்டு வைக்க வேண்டும். மேலே முழுக்க மினுங்காத மாட் வேர்னிஸ். பளபளப்பு கண்ணுக்கு மட்டும், ஒரு சொட்டு. அந்தச் சொட்டு விழுந்தவுடன் தவளை உங்களைப் பார்க்கும்.

சிறி அண்ணை வந்து பார்த்தார்.

"என்ன பிள்ளை இது, சாணி மாதிரிக் கிடக்கு?"

"இதின்ரை நிறம் இதுதான் அண்ணை."

"தவளையெண்டால் பச்சை. முதுகிலை கொஞ்சம் தங்கம் தட்டிவிடு. பக்கத்திலை நீல ரெசின் ஊத்திக் குளம் ஒண்டு செய்வம். நாலு வாற்பேத்தையும் விடு, வடிவாயிருக்கும்."

"இதுக்கு வாற்பேத்தையே இல்லை அண்ணை. நான் செய்யமாட்டன்."

"இஞ்சை ஆர் முதலாளி?"

"நீங்கள்தான். அதுக்காகத் தவளை நிறம் மாறுமே?"

அவருடைய முகம் கறுத்தது. "திங்கட்கிழமை மடம் வந்து வேண்டாமெண்டால் தவளையோடை நீயும் போகலாம்."

அடுத்த மாதம் நான் விசா புதுப்பிக்க வேண்டும். விசா கொடுக்கும் பிரெபெக்சர் அலுவலகத்தில் சம்பளச் சிட்டை கேட்பார்கள். வேலை போனால் சிட்டை இல்லை, சிட்டை இல்லாவிட்டால் விசா இல்லை. பயந்தேன், மறைக்கவில்லை. ஆனால் கோபம் பயத்தைவிடக் கூட இருந்தது. வன்னியிலிருந்து வந்த நாள்முதல் என்னைப் பார்த்த ஒவ்வொருவரும் தங்களுக்குத் தெரிந்த ஒரு நிறத்தை எனக்குப் பூசித்தான் பார்த்தார்கள். அதே வேலையை என் கையால் அந்தச் சிறு உயிருக்குச் செய்ய மனம் வரவில்லை.

3. திங்கட்கிழமை

ஒரு தட்டில் மண்ணும் காய்ந்த இலைகளும் பரப்பி, தவளையை நடுவில் வைத்தேன். மடம் குனிந்து பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடியும் பார்த்தார். "எங்கே?" என்று கேட்டார். சிறி அண்ணைதான் விரலால் தொட்டுக் காட்டினார்.

"அருமை," என்றார் மடம். பிறகு இழுத்தார். "ஆனால் பிள்ளைகளுக்குத் தெரியாதே. கொஞ்சம் மஞ்சள் வைத்தால்..."

அண்ணை என்னைப் பார்த்த பார்வையில் வெற்றி இருந்தது. என் உடைந்த பிரெஞ்சில் சொன்னேன்: "மடம், ஒளிந்து வாழும் என்று நீங்கள் தந்த தாளிலேயே இருக்கிறது. பிள்ளைகள் தேடட்டும். தேடிக் கண்டுபிடித்தால் மறக்கமாட்டார்கள். மஞ்சள் பூசமாட்டேன். வேண்டுமானால் வேறு ஆளைப் பாருங்கள்."

மடம் முழங்காலில் நின்று, முகத்தைத் தட்டின் உயரத்துக்கு இறக்கி, நெடுநேரம் பார்த்தார். எழுந்து ஒப்படைப்புத் தாளில் கையெழுத்துப் போட்டார்.

அவர் போனபின் சிறி அண்ணை தலையைச் சொறிந்தார். "அப்ப ஒரு அம்புக்குறியாவது வைச்சுக் குடுப்பம்."

"அம்புக்குறியும் இல்லை அண்ணை."

"சரியான திமிர் பிடிச்சவள்," என்றார். அந்த மாதச் சிட்டையும் தந்தார்.

எல்லாத் தடவையும் இப்படி முடியாது. பிறகு ஒபர்வில்லியேயில் வேறொரு பட்டறையில் இதே மாதிரி வாய் காட்டி வேலையை இழந்திருக்கிறேன். ஒரு குளிர்காலம் முழுக்கக் கஷ்டப்பட்டேன். ஆனாலும் சொல்கிறேன். வாடிக்கையாளரை மதியுங்கள், முதலாளி சொல்வதையும் கேளுங்கள், விசாவை நினைத்துப் பயப்படுங்கள். ஆனால் அந்தத் தவளை பழுப்பு.