அந்த அம்மாவுக்கு இரண்டு வரி

பீரங்கிப் படையில் இருக்கிறவரைக் கட்டிக்கொண்டவளுக்கு ரகசியம் பேசும் பாக்கியம் கிடையாது. வருசக்கணக்காகப் பீரங்கிக்குப் பக்கத்தில் நின்று நின்று என் வீட்டுக்காரருக்குக் காது மந்தம். அவர் ராஜஸ்தானில், நான் சங்கரன்கோவிலில். போனில் நான் பேசுவது தெருவுக்கே கேட்கும். இரண்டு பக்கமும் தறி ஓடுகிற தெரு வேறு, அதையும் தாண்டிக் கத்த வேண்டும். சளி எப்படி இருக்கிறது என்று இன்றைக்கு அவரைக் கேட்டால், நாளைக்குப் பக்கத்துத் தறிவீட்டு அக்கா, தம்பிக்குச் சளி விட்டுவிட்டதா என்று என்னை விசாரிப்பாள். புருசனிடம் ஆசையாக ஒரு வார்த்தை சொல்ல வேண்டுமென்றால் ஊரைக் கூட்டி வைத்துத்தான் சொல்ல வேண்டும். அதனால் சொல்வதில்லை.

அவர் மட்டும் ஒரு வழி கண்டுபிடித்துக்கொண்டார். வீடியோவில் என் வாயசைவைப் பார்த்தே பாதியைப் புரிந்துகொள்வார்.

இந்த ஆடியில் அவருக்குப் பதவி உயர்வு வந்தது. வேண்டாம் என்றால் பென்சனோடு வீட்டுக்கு வந்துவிடலாம். சரி என்றால் இன்னும் சில வருசம் அங்கேதான். நீ என்ன சொல்லுகிறாய் என்று என்னைக் கேட்டார். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். யோசிக்க என்ன இருக்கிறது? வந்துவிடுங்கள் என்பதுதான் என் பதில். அதைத் தறிச் சத்தத்துக்கு மேலே கத்திச் சொல்ல வாய் வரவில்லை, அவ்வளவுதான்.

அந்த நாட்களில்தான் எனக்கு அந்தக் கட்டுரை வந்தது. வீட்டில் இருந்தபடியே ஓர் இணையதளத்துக்கு வாழ்க்கைக் குறிப்புகளைத் தமிழாக்குவது என் வேலை. கிரிக்கெட்காரர், விஞ்ஞானி, மகாராணி, யார் வந்தாலும் எனக்கு ஒன்றுதான். இந்த முறை வந்தவர் 'சர்' பட்டம் வாங்கிய ஓர் ஆங்கிலேயப் பீரங்கிப் படை அதிகாரி. பாதிரியார் மகன். மீசை அரும்புகிற வயதில் படையில் சேர்ந்து, இந்தியா, ஆப்பிரிக்கா, பிரான்ஸ் என்று பீரங்கி போன இடமெல்லாம் போய், ஜெனரலாகி, ஒரு காது செவிடாகி, கடைசியில் பட்டமும் வாங்கியவர். செவிடு என்று வந்த இடத்தில் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அடடே, நம்மாளு.

படைச் சொற்களுக்கு வீட்டுக்காரரையே கேட்டேன். சில பீரங்கிகள் சேர்ந்த பிரிவுக்குப் பேட்டரி என்று பெயராம். தமிழில் என்ன சொல்வது என்று கேட்டால், பேட்டரியைப் பேட்டரி என்றுதான் சொல்ல வேண்டும் என்றார். பெரிய உதவி. ஆனால் ஒரு விசயம் சொன்னார். பீரங்கிப் படைக்காரர்களுக்குப் பீரங்கிதான் கொடி. மரியாதையெல்லாம் அதற்குத்தான், என்ன ஆனாலும் அதை விட்டுவிட்டு வரக் கூடாது. வெள்ளைக்காரன் காலத்து வழக்கம், இன்றைக்கும் அப்படியேதான் இருக்கிறதாம். அதைச் சொல்லும்போது அவர் குரலில் இருந்த பெருமையைக் கேட்டு எனக்கு வயிறு எரிந்தது. இரும்பைப் பார்த்துப் பொறாமைப்பட்ட பெண்டாட்டி இந்த ஜில்லாவிலேயே நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

கட்டுரை நீளமானது. பதக்கம், பட்டம், எந்த வருசம் எந்த ஊர் என்று பத்தி பத்தியாகப் போயிற்று. நடுவில் ஒரே ஒரு வரி, திருமணம் செய்துகொண்டார் என்று. அதோடு அந்த அம்மாவைக் காணோம். அவர் ஆப்பிரிக்காவில் இருந்தபோது அவள் எங்கே இருந்தாள், ராத்திரி யாரோடு பேசிக்கொண்டிருந்தாள், ஒரு பேச்சும் இல்லை. கடைசிப் பத்தியைப் படிக்கவே பயமாக இருந்தது. அவர் ஊர் திரும்புவதற்குள் அவள் செத்துப்போயிருந்தால்? அந்தப் பத்தியை மட்டும் தொடாமல் வைத்திருந்தேன்.

எங்கள் கோவில் திருவிழாவான ஆடித்தபசு வந்தது. மத்தியானத்திலிருந்து அம்மன் தெற்கு ரத வீதியில் சாமிக்காகத் தபசு நின்றுகொண்டிருந்தாள். வருசா வருசம் அவருக்கு வீடியோவில் காட்டுவேன். அன்றும் நெரிசலில் நின்று போனைத் தலைக்கு மேலே தூக்கி, அம்மன் பக்கம் திருப்பிப் பிடித்தேன். சாயங்காலம் சாமி சங்கரநாராயணராக வந்து காட்சி கொடுத்ததும் ஜனங்கள் காணிக்கையாக வீசிய பருத்தியும் மிளகாய் வத்தலும் என் தலையில் விழுந்தன. மேளமும் மைக்கும் காதைப் பிளந்தன. அம்மன் நின்றாள், சாமி வந்துவிட்டார். எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. இந்த இரைச்சலில் யாருக்குக் கேட்கப் போகிறது என்று வாய்விட்டே சொல்லிவிட்டேன்.

"போதும், வந்திருங்க."

போனிலிருந்து அவர் கத்தினார். "ஏட்டி, என்னமோ சொல்லுத மாதிரி இருக்கு. மூஞ்சியக் காட்டிச் சொல்லு."

கேமராவை என் பக்கம் திருப்பினேன். சத்தமே இல்லாமல் உதட்டை மட்டும் அசைத்து அதையே மறுபடி சொன்னேன். அவருக்குப் புரிந்துவிட்டது, முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது. எப்போதும் தொண்டை கிழியப் பேசுகிற மனுசன் குரலைத் தாழ்த்திக்கொண்டார். போனைக் காதோடு ஒட்டிக்கொண்டேன்.

"நீ ஒண்ணும் சொல்லலன்னதும் நேத்து சரின்னுட்டேன். இன்னும் கொஞ்ச வருசம்தாம்ட்டி."

வீட்டுக்கு வந்ததும், தலையில் ஒட்டியிருந்த பருத்தியைக்கூட எடுக்காமல் அந்தக் கடைசிப் பத்தியைத் திறந்தேன். ஓய்வு பெற்று ஊர் திரும்பினார், அங்கே மனைவியோடு சில ஆண்டுகள் வாழ்ந்தார் என்று இருந்தது. அந்த அம்மா உயிரோடுதான் இருந்திருக்கிறாள். நான் 'பல ஆண்டுகள்' என்று தட்டினேன். யார் வந்து ஒப்பிட்டுப் பார்க்கப் போகிறார்கள்? பிறகு அதை அழித்துவிட்டு, 'சில' என்றே எழுதினேன்.