அந்தோணி அங்கிள் கேக்கோடு கொடுத்த சிடி

மன்னிக்கவும்... நான் இங்கே எழுதுகிறவள் இல்லை. மற்றவர்கள் பதிவுக்கு லைக் போட்டுவிட்டு நகர்ந்துவிடுவேன்.

அந்தோணி அங்கிள் நேற்று காலமானார். பகாவ் பக்கம் எங்கள் செம்பனை எண்ணெய் ஆலையில், பழ லாரிகளை எடை போடும் ஆபீசில் எனக்குப் பக்கத்து மேசை.

வீட்டுக்குப் போயிருந்தேன். அவர் மகள் ரீட்டா அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார். "அப்பாவோட பழைய கம்ப்யூட்டர்ல அம்மா படம் இருக்குமே... அது கிடைக்குமாம்மா? எங்க ஆல்பம் எல்லாம் வெள்ளத்துல போச்சு."

"பார்க்கிறேன்க்கா" என்று மட்டும் சொன்னேன்.

அந்தக் கம்ப்யூட்டர் எங்கள் ஆபீசில் இருந்தது... எடை போடும் புரோகிராம் அதில் மட்டும்தான் ஓடும். பெரிய இடி இடித்தால் படுத்துவிடும். வெளியே லாரிகள் வரிசையில் நிற்கும். "அங்கிள், பழம் அழுகுது லா!" என்று டிரைவர்கள் கத்துவார்கள்.

அங்கிள் பதறமாட்டார். முழுக் கம்ப்யூட்டரையும் டிஸ்க் இமேஜாக, அப்படியே நகலெடுத்து, இரண்டு சிடியில் வைத்திருந்தார். வேறு ஹார்ட் டிஸ்க் மாட்டி, ஒன்றன்பின் ஒன்றாகப் போட்டால் பழையபடி எழுந்துவிடும்.

திரையில் அதே படமும் வந்துவிடும். ஆன்ட்டியும், முன்பல் விழுந்த குட்டி ரீட்டா அக்காவும்... சர்ச் வாசலில், வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு.

"பொண்ணுக்குக் கல்யாணமே ஆயிடுச்சு, இங்க இன்னும் பல்லு முளைக்கலையே அங்கிள்?" ஆட்களை மேற்பார்க்கும் மண்டோர் சீண்டுவார்.

"முளைச்சா புரோகிராம் ஓடாது லா. போய் வேலையப் பாரு!"

ஆன்ட்டி இறந்த பிறகு மண்டோர் அதைக் கேட்பதில்லை.

நகல் ஒரே இடத்தில் இருக்கக்கூடாது என்பார் அங்கிள். கிறிஸ்துமசுக்குத் தெரிந்தவர்களுக்குக் கேக் கொடுக்கும்போது, டப்பாவோடு அந்தச் சிடிகளின் நகலும் போகும். "பத்திரமா வைங்க."

சுவாவிலிருந்து வரும் லாரி டிரைவர் அண்ணன் ஒருவர் அதை லாரி ரேடியோவில் போட்டுவிட்டார். "என்னா அங்கிள், ஏசு பாட்டு ஒண்ணுகூட வரலையே?"

"கேக்காவது நல்லா இருந்துச்சா?"

அன்று நானும் சத்தமாகச் சிரித்தேன்.

பிறகு ஆலைக்குப் புதுக் கம்ப்யூட்டர் வந்தது. பழையது பழைய இரும்புக் கடைக்குப் போய்விட்டது.

இன்று ஆபீசில் அவர் டிராயரைத் திறந்து பார்த்தேன். முதல் சிடி நன்றாக இருக்கிறது. இரண்டாவது விரிசல் விட்டுவிட்டது... இரண்டும் சேர்ந்தால்தான் படம் திரும்பக் கிடைக்கும்.

போய் வாருங்கள் அங்கிள்.

கேட்கக் கூச்சமாக இருக்கிறது. அவரிடம் கேக் வாங்கியவர்கள், வீட்டில் ஒரு முறை தேடிப் பார்ப்பீர்களா? இரண்டாவது சிடி மட்டும் போதும். தூரத்துச் சி ரூசாவாக இருந்தாலும், மோட்டார் சைக்கிளில் நானே வந்து வாங்கிக்கொள்கிறேன்.