ஏகாதசிக்கு நான் செய்த பழ வில்லை

என் மாமியாரின் விரதத்தை நான் கெடுத்தேன். ஒருமுறை அல்ல... இரண்டு வருடங்கள், ஒவ்வொரு ஏகாதசியும், அவருக்குத் தெரியாமல், அவர் சிரித்த முகத்தோடு கைநீட்டி வாங்கிச் சாப்பிடும்படி கெடுத்தேன்.

கை தவறி நடந்த காரியம் இல்லை இது. ஓட்ஸை மிக்ஸியில் போட்டு, மூன்று சுற்று ஓட்டி, சல்லடையில் சலித்து, பாதாம் பொடியோடு கலந்து, ஒரு செதில்கூட அவர் கண்ணில் படாதபடி பார்த்துக்கொண்டேன். அவர் மற்ற நாட்களில் காலையில் குடிப்பது ஓட்ஸ் கஞ்சிதான்; செதிலைப் பார்த்தால் கண்டுபிடித்துவிடுவார் என்று எனக்குத் தெரியும். அதனால்தான் அரைத்தேன்.

உடனே சமாதானம் சொல்ல வந்துவிடாதீர்கள்! 'நல்ல எண்ணத்தில்தானே செய்தாய்' என்று நீங்கள் ஆரம்பிப்பீர்கள். அதை நானே எனக்கு எத்தனையோ முறை சொல்லிப் பார்த்துவிட்டேன். தொண்டைக்குக் கீழே இறங்கவில்லை.

அவர் விரதம் என்ன விரதம் என்று முதலில் கேளுங்கள்.

என் கணவர் சேஷாத்ரிக்கு ஒரே தங்கை, வசுதா. அவளுக்குச் சின்ன வயதிலேயே இரண்டு சிறுநீரகங்களும் போய்விட்டன. என் மாமனார் தன்னுடையதில் ஒன்றைக் கொடுத்தார். அறுவை சிகிச்சை நடந்த அன்றைக்கு என் மாமியார் பெருமாள் சந்நிதியில் நின்று வேண்டிக்கொண்டார். 'என் பெண் பிழைத்தால் போதும், உயிரோடு இருக்கிற வரைக்கும் ஏகாதசியன்று தானியம் தொடமாட்டேன், பழமும் பாலும்தான்.' வசுதா பிழைத்தாள். நான்கு வருடம் கழித்து மாமனார் மாரடைப்பில் போனார். அவர் கொடுத்த சிறுநீரகம் வசுதாவுக்குள் ஓடிக்கொண்டிருந்தது. விரதமும் ஓடிக்கொண்டிருந்தது.

இதெல்லாம் எனக்கு முன்பே தெரியும். தெரிந்துதான் செய்தேன்.

நான் கைலாசபுரத்துக் குவார்ட்டர்ஸில் வளர்ந்தவள். அப்பாவுக்கு ஃபாக்டரியில் ஷிஃப்ட் வேலை. எங்கள் வீட்டில் ஏகாதசி என்றால் ரவா உப்புமா, தொட்டுக்கொள்ளச் சட்னி. அதற்குப் பெயர் விரதம்! கல்யாணமாகி ஸ்ரீரங்கத்துக்கு வந்த பிறகுதான் ஒரு நாள் முழுக்க இரண்டு வாழைப்பழத்தோடும் ஒரு டம்ளர் பாலோடும் நடமாடுகிற மனுஷியைப் பார்த்தேன். அவருக்குச் சர்க்கரை வியாதி வேறு. மாத்திரையை மட்டும் ஒழுங்காகப் போட்டுக்கொள்வார், சாப்பாட்டைத்தான் விட்டுவிடுவார்.

விளைவு என்ன ஆகும்? ஒரு ஏகாதசியன்று கோயில் வரிசையிலேயே மயங்கி விழுந்தார். முன்பின் தெரியாத யாரோ வாயில் சர்க்கரையைப் போட்டு ஆட்டோவில் ஏற்றி அனுப்பினார்கள்.

டாக்டர் கத்தினார். யாரைப் பார்த்துக் கத்தினார் தெரியுமா? பெற்ற பிள்ளை பக்கத்திலேயே சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு நிற்கிறார். டாக்டர் என்னைப் பார்த்துக் கத்துகிறார்!

"வீட்ல பொம்பளைங்க நீங்க இருக்கீங்க, பார்த்துக்க வேண்டாமாங்க? அடுத்த தடவை விழுந்தாங்கன்னா நான் பொறுப்பில்லை."

வீட்டுக்கு வந்ததும் சேஷாத்ரியிடம் சொன்னேன், உங்கள் அம்மாவிடம் நீங்கள் பேசுங்கள் என்று. அவர் செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

"அம்மாகிட்ட யார் பேசறது? நான் சொன்னா அழுவா. நீயே ஏதாவது பண்ணேன்."

ஏதாவது பண்ணு! இந்த ஊரில் எத்தனை ஆண்பிள்ளைகள் இந்த இரண்டு வார்த்தையை வைத்துக்கொண்டு குடித்தனம் நடத்துகிறார்கள்... அம்மாவும் தன்னிடம் மனம் நோகக் கூடாது, உயிரும் போகக் கூடாது, தன் கையும் அழுக்காகக் கூடாது. அதற்கு வாய்த்தவள் நான்.

எனக்குக் கேக், பிஸ்கட் எல்லாம் சுடத் தெரியும். மேடைமேல் ஒரு சின்ன ஓவன் இருக்கிறது. என் டிஃபன் பாக்ஸுக்காக ஓட்ஸில் பழம் வைத்துச் சுடுவது வழக்கம். கீழே ஒரு அடுக்கு ஓட்ஸ், நடுவே பழம், மேலே உதிரியாக மறுபடி ஓட்ஸ். அதையே ஏகாதசிக்குத் தோதாகச் செய்தால் என்ன என்று யோசித்தேன்.

முதல் தடவை யோக்கியமாகத்தான் செய்தேன், அதையும் சொல்லிவிடுகிறேன். ஓட்ஸே இல்லாமல், வெறும் பாதாம் பொடியும் பேரீச்சையும். கையில் எடுத்தால் பொலபொலவென்று உதிர்ந்தது. மாமியார் உள்ளங்கையில் அள்ளிச் சாப்பிட்டார். மத்தியானம் மூன்று மணிக்கெல்லாம் அவர் கை நடுங்க ஆரம்பித்தது. பழம் சர்க்கரையை விறுவிறுவென்று ஏற்றும், விறுவிறுவென்று இறக்கும். வயிற்றில் நின்று நிதானமாகக் கரைகிற சரக்கு ஏதாவது வேண்டும். ஓட்ஸ் அப்படிப்பட்டது. நான் பள்ளிக்கூடத்தில் உயிரியல் நடத்துகிறவள், எனக்கா தெரியாது?

ஓட்ஸ் தானியம் என்பதும் எனக்குத் தெரியாதா! நெல், கோதுமை, ஓட்ஸ் எல்லாம் ஒரே புல் குடும்பம் என்று போர்டில் எழுதிப் போட்டுப் பிள்ளைகளை மனப்பாடம் செய்யச் சொல்கிறவள் நான்.

இன்னொன்றையும் ஒப்புக்கொள்கிறேன்... வில்லை உதிரக் கூடாது என்ற கர்வமும் இருந்தது. நான் சுட்ட பண்டம் உள்ளங்கையில் தூளாகக் கிடந்ததை என்னால் பொறுக்க முடியவில்லை. அவர் உயிருக்காக மட்டுமே செய்தேன் என்று சொன்னால் அதுவும் பொய்தான்.

அடுத்த ஏகாதசிக்கு முந்தின நாள் சத்திரம் பேருந்து நிலையத்தில் இறங்கி, முசிறிப் பூவன் ஒரு சீப்பு வாங்கினேன். உலர்ந்த அத்தி, பேரீச்சை இரண்டையும் ஊறவைத்து, பூவனோடு சேர்த்துப் பிசைந்து, ஏலக்காய் தட்டிப் போட்டு, ஒரு எலுமிச்சை பிழிந்து, அடுப்பில் சுருளக் கிளறினேன். அரைத்த ஓட்ஸும் பாதாம் பொடியும் கலந்து, நெய் விட்டுப் பிசறி, தட்டில் கொட்டி, டபராவின் அடிப்பாகத்தால் அழுத்திச் சமன் செய்தேன். மேலே பழம், அதன்மேல் மீதி மாவு. நூற்றியெண்பது டிகிரியில் முப்பத்தைந்து நிமிடம். நன்றாக ஆறிய பிறகு வில்லை போட்டேன். ஒன்றுகூட உடையவில்லை. அழகென்றால் அப்படி ஓர் அழகு!

"என்னடி இது, கடையில வாங்கினாப்ல இருக்கு! இதுல என்ன போட்டிருக்கே?" என்று கேட்டார்.

"பாதாம், அத்தி, பேரீச்சை, பூவன் பழம். கொஞ்சம் நெய். அவ்வளவுதாம்மா."

"தானியம் ஒண்ணும் இல்லையே?"

நேராகத்தான் கேட்டார். நானும் அவர் கண்ணைப் பார்த்து நேராகத்தான் சொன்னேன்.

"ஒண்ணும் இல்லம்மா."

அன்றைக்கு அவர் கை நடுங்கவில்லை. சாயங்காலம் தானாகவே எழுந்து விளக்கேற்றினார். எனக்குப் பெருமையாக இருந்தது... வெட்கமில்லாமல் சொல்கிறேன், பெருமையாகத்தான் இருந்தது. டாக்டர் அடுத்த முறை அவரைப் பார்த்து, "பரவாயில்லையே, இப்பல்லாம் மயக்கம் வர்றதில்லையே" என்றபோது, பிள்ளையின் முகம் மலர்ந்ததைப் பார்க்க வேண்டும். என்ன செய்தாய், எப்படிச் செய்தாய் என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை அந்த மனிதர்.

மாமியார் அதற்குப் 'பழ வில்லை' என்று பெயர் வைத்தார். எதிர்வீட்டு ருக்மிணி மாமியும் ஏகாதசி இருப்பவர். அவருக்கும் இரண்டு கொண்டுபோய்க் கொடுத்தார். ஆக, மாமியின் விரதமும் என் தலையில்! மாமி செய்முறை கேட்டார். நான் சொன்ன பொய்ச் செய்முறையை வைத்துச் செய்து பார்த்துவிட்டு, "எனக்கு அல்வாவாட்டம் தட்டோட ஒட்டிண்டுடுத்து, கரண்டியால சுரண்டித்தான் சாப்ட்டேன். உன் கைமணம் எனக்கு வரலைடி" என்றார். கைமணமாம்! நான் சிரித்தேன். இன்றைக்கு நினைத்தால் அந்தச் சிரிப்புக்காகவே என்னை அறையலாம் போலிருக்கிறது.

இரண்டு வருடம் இப்படி ஓடிற்று.

போன மழைக்காலத்தில் வசுதாவின் முகம் வீங்கியது. அப்பா கொடுத்த சிறுநீரகம் வேலையை நிறுத்திக்கொண்டே வந்தது. இப்போது வாரத்துக்கு மூன்று நாள் டயாலிசிஸ். மாற்றிவைத்த உறுப்பு இத்தனை வருடம் உழைத்ததே பெரிது என்று டாக்டர்கள் சொன்னார்கள். அது எனக்கும் தெரியும். அரைத்த ஓட்ஸ் ஒரு வயிற்றிலிருந்து இன்னொருவர் சிறுநீரகத்துக்குப் போகாது! அதைச் சொல்லித்தர எனக்கு யாரும் வேண்டாம்!

ஆனால் என் மாமியாருக்கு அப்படி இல்லையே... அவர் பெருமாளோடு ஒரு பேச்சு வைத்திருந்தார். அதில் தன் பக்கம் எங்கேயோ தவறியிருக்கிறது என்று தேட ஆரம்பித்தார். தீட்டோடு எதையாவது தொட்டேனா, பஞ்சாங்கம் பார்த்ததில் ஏதாவது ஒரு ஏகாதசி விட்டுப்போயிற்றா என்று பழைய காலண்டர்களை எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். ஒரு துவாதசிக் காலையில், ஏகாதசி விரதத்தை முடிக்கிற பாரணைக்கு நான் அகத்திக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தேன். எதிரே வந்து தரையில் உட்கார்ந்தார்.

"நீதானேடி எல்லாம் கூட இருந்து பார்த்துண்டிருக்கே. நீ சொல்லு. நான் எங்கயாவது தவறிட்டேனா?"

அந்த நிமிடம் எனக்குக் கிடைத்தது. வாயைத் திறந்து 'நீங்கள் தவறவில்லை, நான்தான் தவற வைத்தேன்' என்று சொல்லியிருக்க வேண்டும். என்னைத் திட்டியிருப்பார். என் முகத்தில் விழிக்காமல் இருந்திருப்பார். இருக்கட்டுமே!

"இல்லம்மா. ஒரு தடவைகூட இல்ல" என்றேன்.

முதல் பொய்க்காவது ஒரு காரணம் இருந்தது. இதற்கு என்ன காரணம்? பயம். அந்த வீட்டில் நல்ல மாட்டுப்பெண் என்று எடுத்த பெயர் போய்விடுமே என்ற பயம். அதைத் தவிர ஒன்றும் இல்லை.

அவர் ஒரு பிடி கீரையைத் தன் பக்கம் இழுத்து ஆய ஆரம்பித்தார்.

"அப்போ அந்த ருசிதான்" என்றார். "எப்போடா ஏகாதசி வரும், எப்போடா நீ அந்த வில்லையைப் பண்ணித் தருவேன்னு காத்துண்டிருந்தேன்டி. நாக்கைக் கட்டத்தான் விரதம். நான் நாக்குக்கு விருந்து வெச்சிண்டேன். பெருமாளுக்குத் தெரியாதா?"

அடுத்த ஏகாதசியிலிருந்து வில்லை இல்லை, பழம் இல்லை, பால் இல்லை. தீர்த்தம் மட்டும். மாத்திரையையும் அன்றைக்குத் தொடுவதில்லை. டாக்டர் சொன்னதை மீறி, நாங்கள் கெஞ்சியதை மீறி... மாதம் இரண்டு முறை அந்த உடம்பு காய்கிறது. நான் எதைத் தடுக்கப் பொய் சொன்னேனோ, அதைவிடப் பெரிய பட்டினி வந்து உட்கார்ந்துவிட்டது.

சேஷாத்ரியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். எழுந்து போய் அறைக் கதவைச் சாத்தினார். பிறகு, "இதை அம்மாகிட்ட சொல்லித் தொலைக்காதே. உயிரை விட்டுடுவா" என்றார். இப்போதும் நான்தான் பார்த்துக்கொள்ள வேண்டும்! இன்றுவரை அவர் அதைப் பற்றி மறுபடி வாயைத் திறக்கவில்லை. எப்படித்தான் இந்த மனிதருக்குத் தூக்கம் வருகிறதோ!

போன வாரம் வசுதா ஃபோனில் பேசினாள். டயாலிசிஸ் முடிந்து படுத்திருந்தாள், குரலே எழும்பவில்லை.

"மன்னி, எனக்காக அம்மா பட்டினி கிடக்கிறதை என்னால தாங்க முடியலை. நீங்க சொன்னா கேப்பா. அந்தப் பழ வில்லையாவது பண்ணிக் குடுங்கோ மன்னி. அது தானியம் இல்லையே..."

சரி என்றேன். வேறு என்ன சொல்ல?

இன்று ஏகாதசி, காலையிலேயே செய்தேன். ஓட்ஸ் இல்லை. சத்தியமாக இல்லை. பாதாம், அத்தி, பேரீச்சை, பூவன். தட்டோடு ஒட்டியதைச் சுரண்டிக் கிண்ணத்தில் அள்ளிக்கொண்டு போனேன். அவர் ஹாலில் பாயில் ஒருக்களித்துப் படுத்திருந்தார். கிண்ணத்தைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"எடுத்துண்டு போடி. வாசனை வந்தாலே ஆசை வந்துடறது."

சொல்லிவிடு என்கிறீர்கள்... கேட்கிறது. சொன்னால் என்ன நடக்கும் என்று நீங்கள் நினைக்கிறீர்கள்? இரண்டு வருட விரதமும் போயிற்று என்று அதற்கும் சேர்த்துப் பட்டினி கிடப்பார். தன் பெண்ணின் உடம்பு கெட்டது இதனால்தான் என்று சாகிறவரை நம்புவார். சொல்லாவிட்டால், செய்யாத குற்றத்துக்காக இப்படியே கிடப்பார். இரண்டில் எது மேல் என்று உங்களுக்குத் தெரிந்தால், உங்கள் மாமியாருக்கு நீங்கள் சொல்லிக்கொள்ளுங்கள்! எனக்கு வழி காட்ட வேண்டாம்.

நான் இதை அடுக்களையில் உட்கார்ந்து எழுதிக்கொண்டிருக்கிறேன். மத்தியானம் இரண்டு மணி. ஹாலில் மின்விசிறி ஓடுகிறது. சற்று முன் அங்கிருந்து குரல் வந்தது, உதடு காய்ந்த குரல்.

"ரஞ்சனி... மணி ரெண்டாச்சேடி. நீ சாப்ட்டியா?"

"சாப்ட்டேன்மா" என்றேன்.

அதில் பொய் இல்லை. சாம்பார், ரசம், தயிர் என்று மூன்று முறை சாதம் போட்டுக்கொண்டு, வயிறாரச் சாப்பிட்டிருந்தேன்.