விசில் ஊதாத கண்டக்டர்

எண்ணூரிலிருந்து பாரிமுனைக்குப் போகும் காலை பஸ்ஸில் இன்னாசிதான் கண்டக்டர். வயது நாற்பத்தைந்தைத் தாண்டியிருக்கும். தொப்பை முதலில் ஏறும், ஆள் பின்னால் ஏறுவார். நான் திருவொற்றியூர் தேரடியில் ஏறுகிறவள். பாரிமுனையில் பிளாஸ்டிக் சாமான் மொத்த வியாபாரக் கடையில் பில் போடுகிறேன். பெண்களுக்கு இலவசம் என்பதால் எனக்கு ஓசிப் பயணம். ஆனால் கண்டக்டரைத் திட்டுவதில் டிக்கெட் எடுத்தவர்களை விட நான் ஒரு படி மேல்.

திட்டாமல் என்ன செய்வது? படிக்கட்டில் ஒரே ஒரு காலேஜ் பையன் தொங்கினால் போதும், இன்னாசி விசில் ஊத மாட்டார். பஸ்ஸை விட்டு இறங்கி, கையைக் கட்டிக்கொண்டு, பக்கத்து டீக்கடை போர்டைப் படிப்பார். விசில் வராமல் டிரைவரும் வண்டியை எடுக்க மாட்டார். உள்ளே எல்லோருக்கும் வேர்த்து வழியும். ஒருத்தர் ஷிப்ட் போச்சு என்பார், இன்னொருத்தர் ஆஸ்பத்திரிக்குப் போகணும் என்பார். நான் அவருடைய வம்சத்தையே இழுப்பேன்.

"கத்தாதம்மா. அவன் உள்ள வந்தா வண்டி போவும். அவ்ளோதான் மேட்டரு."

"இத்த எங்க மொதலாளியாண்ட வந்து சொல்லு அண்ணாத்த!"

"நம்பர் குடு, சொல்றேன்."

ஒருநாள் கொடுத்தேன். மனுஷன் போன் போட்டுச் சொல்லியே விட்டார். முதலாளி அன்றைக்கு வழக்கத்தைவிட இரண்டு மடங்கு திட்டினார்.

இவ்வளவு ஒழுக்கம் பேசுகிற ஆளின் யோக்கியதை எங்கள் ஏரியாவுக்கே தெரியும். ஒவ்வொரு பஸ் ரூட்டிலும் காலேஜ் பையன்கள் கூட்டமாகச் சேர்ந்து ஒருத்தனைத் தலைவனாக்கிக் கொள்வார்கள். அவனுக்கு 'ரூட்டு தல' என்று பேர். பஸ் கூரைமேல் ஏறுவது, பக்கவாட்டுத் தகரத்தில் தாளம் போட்டு கானா பாடுவது, அடுத்த ரூட்டுக்காரனைக் கண்டால் சட்டையைக் கிழிப்பது, இதெல்லாம் அவன் உத்தியோகம். படிப்பு அதில் சேர்த்தி இல்லை. காலேஜ் படித்த காலத்தில் எண்ணூர் ரூட்டுக்குத் தலயாக இருந்தவர் சாட்சாத் இன்னாசி. அவர் அப்பா அதே ரூட்டில் டிரைவர். மகன் கூரைமேல் ஆட, அப்பா கீழே உட்கார்ந்து ஓட்டினார். அப்பா வேலையில் இருக்கும்போதே இறந்துபோக, வாரிசு வேலையாக மகன் தோளில் கண்டக்டர் பை ஏறியது.

"நீ ஆடாத ஆட்டமா? இப்ப பசங்களுக்கு மட்டும் சட்டம் பேசற?" என்று ஒருமுறை கேட்டேவிட்டேன்.

"ஆடினேம்மா. எங்கூட ஆடின மணி படிக்கட்டுலேந்து வுழுந்தான். நாந்தான் தூக்கிகினு ஓடினேன். ஆஸ்பத்திரி வாசல் வரிக்கும்தான் உசுரு இருந்துச்சு. போதுமா?"

எனக்கு அதற்கு மேல் வாய் வரவில்லை. மறுநாள் லேட்டானபோது வந்துவிட்டது, அது வேறு விஷயம்.

அந்த ட்ரிப் தினமும் லேட்டாகப் போய்ச் சேர, டிப்போவில் மெமோ கொடுத்தார்கள். இன்னொரு புகார் வந்தால் ரூட்டை மாற்றிவிடுவோம் என்று. சம்பளத்தை வெட்டுவோம் என்றிருந்தால்கூட இன்னாசி அவ்வளவு கலங்கியிருக்க மாட்டார். "வேற ரூட்டுல நான் இன்னாத்த கிழிக்கப் போறேன்? இந்தப் பசங்கள எவன் பாப்பான்?" என்று, தினமும் திட்டுகிற என்னிடமே வந்து புலம்பினார்.

காலேஜ் திறந்த அன்று, யாரோ பையன்களிடம் பழைய கதையை அவிழ்த்துவிட்டிருந்தார்கள். ராஜாகடையில் சாமந்தி மாலையோடு ஒரு படையே ஏறியது. முன் கண்ணாடிக்கு ஒரு மாலை, இன்னாசி கழுத்துக்கு ஒரு மாலை.

"கயட்டுங்கடா இத்த! எனுக்கு மெமோ கீதுடா!" என்று கத்தினார். கழுத்து மட்டும் நன்றாகவே குனிந்து கொடுத்தது.

ஒன்று சொல்ல வேண்டும். அன்றைக்குப் படிக்கட்டில் ஒருத்தன்கூட இல்லை. தலக்கு மரியாதையாம். உள்ளே நின்றபடியே தகரத்தில் தாளம் போட்டார்கள். வினை அங்கேதான் வந்தது. தாளம் கோணல். ரூட்டுக்கு ரூட்டு தாள அடி வேறு, எண்ணூர் ரூட்டு அடியே அது இல்லை. டோல்கேட் வரை இன்னாசி பல்லைக் கடித்துக்கொண்டிருந்தார். புதுவண்ணாரப்பேட்டையில் பொறுமை போய்விட்டது.

"நிறுத்துங்கடா! சாவு வூட்லகூட இப்டி அடிக்க மாட்டான். இங்க பாரு."

பையைப் பின்னால் தள்ளிவிட்டு, ஜன்னலுக்குக் கீழே இரண்டு கையாலும் அடித்தார். ஐயோ, என்ன அடி! என் காலும் ஆடியது, மறைப்பானேன்.

தண்டையார்பேட்டையில் செக்கிங் இன்ஸ்பெக்டர் ஏறியதை ஒருவரும் கவனிக்கவில்லை. மாலையும் கழுத்துமாகத் தாளம் போடும் கண்டக்டரை அவர் நன்றாகவே கவனித்தார். பேனாவை எடுத்தார். இன்னாசியின் கை அப்படியே நின்றது.

இன்ஸ்பெக்டர் எழுதவில்லை. முகத்தையே உற்றுப் பார்த்தார். "நீ எண்ணூர் ரூட்டு இன்னாசி இல்ல?"

"ஏ... வியாசர்பாடி ரூட்டு அப்சலு!"

ஒருவர் சட்டையை ஒருவர் கிழித்த பழைய தலைகள். கட்டிப்பிடித்து அழப்போகிறார்கள் என்று நினைத்தேன்.

"உங்க ரூட்டுக்கு இன்னும் அதே கலீஜு அடிதானா?" என்றார் அப்சல்.

"எத்த கலீஜுன்ற? உனுக்கு வருமா இது?"

இன்ஸ்பெக்டர் பேனாவைச் செருகிக்கொண்டு, எதிர்ப்பக்கத் தகரத்தில் வியாசர்பாடி அடியைக் காட்டத் தொடங்கினார். இவர் விடுவாரா? சர்க்கார் சம்பளம் வாங்கும் இரண்டு பேர் ஆளுக்கொரு பக்கம் பஸ்ஸை மொத்தியதில் டிரைவர் பயந்துபோய் வண்டியை ஓரங்கட்டிவிட்டார். பையன்கள் போனில் படம் எடுத்தார்கள். சாயங்காலத்துக்குள் அது டிப்போ மேனேஜர் போனுக்கே போய்ச் சேர்ந்தது.

அப்சலுக்கு மெமோ. இன்னாசிக்கு ரூட்டு மாற்றம். எந்த ரூட்டு? வியாசர்பாடி. மேலதிகாரிகளுக்குச் சிரிக்கத் தெரியாது என்று இனி யாரும் சொல்லக் கூடாது.

எங்களுக்குப் புதுக் கண்டக்டர் வந்தார். யார் எங்கே தொங்கினாலும் டபுள் விசில் கொடுத்துவிடுவார். நான் நேரத்துக்குக் கடைக்குப் போனேன். திட்டுவதற்கு விஷயமில்லாமல் முதலாளி தவித்தார். பையன்கள் பழையபடி படிக்கட்டுக்குப் போய்விட்டார்கள். கால் நுனி உள்ளே, உடம்பு மொத்தமும் வெளியே. அந்தத் தொப்பைக்காரர் இல்லையே என்று நிஜமாகவே ஏங்கினேன்.

ஒருநாள் பாரிமுனையில் வியாசர்பாடி பஸ் பக்கத்தில் அவரைப் பிடித்தேன். "அண்ணாத்த, பசங்க திருப்பியும் தொங்கறானுங்க."

மறுநாள் மாலை நான் வீடு திரும்பும் எண்ணூர் பஸ் கிளம்பும்போது, டூட்டி முடித்துக் கட்டம் போட்ட சட்டையில் வந்தார். உள்ளே இடம் இருந்தது. ஏறவில்லை. பையன்களை இடித்துத் தள்ளி, கடைசிப் படியில் ஒரு காலை வைத்து, ஜன்னல் கம்பியைப் பிடித்துத் தொங்கினார். ஓரத்தில் நின்ற கன்டெய்னர் லாரிகள் அவர் முதுகை உரசாத குறையாகப் பின்னால் போயின. என் உயிர் என்னிடம் இல்லை.

"தல, உள்ள வா! வுழுந்துடுவ!" என்று ஒரு பையன் அலறினான்.

"நீ போடா மொதல்ல."

"உனுக்குக் கை வழுக்குது பாரு! சொன்னா கேளு!"

"எல்லாரும் போங்க. அப்பால நான் வரேன்."

பஸ்ஸே கத்தியது. அன்று நான் திட்டிய திட்டு எனக்கே புதிது. பையன்கள் ஒவ்வொருவராக உள்ளே நகர்ந்தார்கள். கடைசிப் பையன் அவர் பெல்ட்டைப் பிடித்து உள்ளே இழுத்துப் போட்டான். அவன் கண்ணில் தண்ணீர் வழிந்தது. இன்னாசி மூச்சு வாங்கியபடி என் சீட்டுக்குப் பக்கத்தில் வந்து நின்றார்.

"வயசுக்கேத்த வேலையா இது?" என்றேன்.

"விசிலு இல்லியேம்மா எங்கைல."

இப்போது தினமும் மாலை வருகிறார். தொங்கத் தேவையில்லை, அவர் வாசலுக்கு வந்தாலே பையன்கள் உள்ளே போய்விடுகிறார்கள். அவர் வீடு ராயபுரத்தில். அந்த ஸ்டாப் வரும், போகும், இறங்க மாட்டார். கடைசிப் பையன் எண்ணூரில் இறங்கிய பிறகு, எதிர் பஸ் பிடித்து வீட்டுக்குத் திரும்புகிறாராம்.