கறுப்புக் காகிதம் ஒட்டிய சன்னல்

1942 ஜூலை 20, திங்கட்கிழமை. விடியுமுன் குளித்தேன். ஈரப்புடவையோடு அடுப்பு மூட்டினேன். தெருவைப் பார்த்த சமையலறைச் சன்னலைத் திறந்து வைத்தேன். ஆடிக் கிருத்திகைக்குக் காவடி எடுக்க என் கணவர் மாலை போட்டிருந்தார். திருத்தணியில் காவடி எடுப்பவர் மலைப்படியில் தடுக்கி விழுந்தால், பெண்டாட்டி வீட்டில் விரதத்தைக் கெடுத்துவிட்டாள் என்பார்கள். போன வருடம் பக்கத்துத் தெருவில் அப்படி ஒருத்தியிடம் குங்குமம் வாங்குவதையே நிறுத்திவிட்டார்கள். அதனால் எங்கள் வீட்டில் வெங்காயம், பூண்டு கிடையாது. சன்னலைச் சாத்துவதும் கிடையாது. சட்டியின் மூடியைக்கூடத் தெருவுக்குத் தெரியும்படி சாய்த்துத்தான் திறப்பேன்.

ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்று பயந்து சென்னையிலிருந்து வந்த ஒருத்தி பக்கத்து வீட்டில் குடியிருந்தாள். விளக்கு வெளிச்சம் விமானத்துக்குத் தெரியக்கூடாதென்று பட்டணத்து வழக்கப்படி சன்னலெல்லாம் கறுப்புக் காகிதம் ஒட்டியிருந்தாள். உள்ளே என்ன சமைத்தாள், எப்போது குளித்தாள், யாருக்கும் தெரியாது. சிரிப்பு மட்டும் கேட்கும். எனக்கு அந்தச் சிரிப்பைவிட அந்தக் காகிதத்தின் மேல்தான் வயிற்றெரிச்சல்.

அன்று சமையல் நேரத்தில் அவள் வீட்டிலிருந்து வெங்காயம் வதங்கும் வாசனை வந்தது. எதிர்வீட்டு அம்மாள் என் சன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

“இன்னாம்மே, வெங்காயம் மணக்குது? வூட்டுக்காரு மாலை போட்டுக்கினு கீறாரே, மறந்துட்டியா?”

“இங்க இல்லக்கா, பக்கத்து வூட்ல. வேணும்னா உள்ள வந்து பாருங்க.”

வந்தேவிட்டாள். ஒவ்வொரு மூடியாகத் தூக்கி, குனிந்து மோந்தாள். புளிக்குழம்பைத் தவிர ஒன்றுமில்லை.

“அப்போ அந்தப் பட்டணத்தாளுதான். பாவம், அதுக்கு நம்ம ஊரு மொறை இன்னா தெரியும்? நீ சாக்கிரதையா இருந்துக்கோம்மே.”

வெங்காயம் வதக்கியவளுக்குப் பாவம். வதக்காத எனக்குச் சாக்கிரதை. அந்தப் ‘பாவம்’ இந்தத் தெருவில் எனக்கு ஒரு நாளும் கிடைத்ததில்லை. சுவருக்கு அப்பால் அவள் பாத்திரம் கழுவிக்கொண்டே எதற்கோ சிரித்தாள். நான் என் விரல்களை முகர்ந்து பார்த்துக்கொண்டேன், வாரக்கணக்காக வெங்காயம் தொடாத விரல்களை.

மாலையில் கணவரிடம் கேட்டேன்: “சன்னல சாத்திக்கட்டுமாங்க?”

“சாத்துனா இன்னாத்தையோ மறைக்கறேன்னுவாங்க. படியேறப் போறது நானு” என்றார்.

மறுநாள் எழுந்ததும் முதல் வேலையாக அந்தச் சன்னலைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டேன். இருட்டில் அடுப்பு மூட்டி, உலை கொதித்ததும் மூடியைத் திறந்தேன். சாத்திய சன்னல் பக்கமாகவே கை அதைச் சாய்த்தது.