ஒதுக்கிய இடமும் ஐந்தாவதாக வந்த மச்சானும்

கல்விக் கந்தோரில் கிளாக்கராக இருப்பவனுக்கு இரண்டு வகை மனிதர்களைத்தான் தெரியும்: வேலை கிடைத்ததால் வணக்கம் சொல்வதை நிறுத்தியவர்கள், கிடைக்காததால் நிறுத்தியவர்கள்.

நான் கண்டியில் ஆசிரியர் நியமனக் கட்டுகளைக் கவனித்தவன். முப்பதுகளின் தொடக்கத்தில் ஒரு வருஷம், சுற்றுவட்டார அரசாங்கத் தமிழ்ப் பாடசாலைகளுக்கு ஆறு ஆசிரியர்கள் தேவைப்பட்டார்கள். நாலு இடம் எல்லோருக்கும் பொது. ஒன்றை முஸ்லிம்களுக்கும், ஒன்றைத் தேயிலைத் தோட்டங்களில் பிறந்து வளர்ந்தவர்களுக்கும் மேலிடம் ஒதுக்கியிருந்தது. யாழ்ப்பாணத்து ஆட்களே எல்லா இடத்தையும் பிடித்துக்கொள்கிறார்கள் என்ற முறைப்பாட்டின் விளைவு அது. முறைப்பாட்டில் உண்மை இருந்தது, நானே யாழ்ப்பாணத்தான். விண்ணப்பக் கட்டுக்குப் பின்னால் உட்கார்ந்து பழகிய வாசகர்களே, மிச்சத்தை நீங்கள் ஊகித்திருப்பீர்கள். இருந்தாலும் சொல்கிறேன்.

பன்விலவில் வளர்ந்தவர்

தோட்ட இடத்துக்கு எங்கள் ஊர் இளைஞர் ஒருவர் விண்ணப்பித்திருந்தார். அவருடைய தகப்பனார் பன்விலவில் ஒரு தோட்டக் கந்தோரில் கொஞ்சக் காலம் வேலை பார்த்தவர். மகனும் ஒரு விடுமுறைக்கு அங்கே வந்து நின்றிருக்கிறார். அதை வைத்துக்கொண்டு "தோட்டத்தில் வளர்ந்தவர்" என்று ஒரு பெரிய மனிதரிடம் கடிதம் வாங்கிவிட்டார். கடிதத்தில் முத்திரையும் இருந்தது. நான் என்ன சொல்வது?

நேர்முகப் பரீட்சைக்கு இருந்த வித்தியாதரிசி, பாடசாலைகளைச் சோதிக்கத் தோட்டம் தோட்டமாக ஏறி இறங்கியவர். அவர் கடிதத்தை ஓரமாக வைத்துவிட்டு, "தோட்டத்துப் பிரட்டு எப்பிடியிருக்கும்? சொல்லும் பாப்பம்" என்றார். விடியற்காலையில் தொழிலாளரைக் கூட்டி, பெயர் கூப்பிட்டு, வேலை பிரித்துக் கொடுப்பதைத்தான் தோட்டத்தில் பிரட்டு என்பார்கள். அங்கே வளர்ந்த குழந்தைக்கும் அது தெரியும். நம்மவர் நல்ல தைரியமாகச் சொன்னார்:

"நல்ல உறைப்பா இருக்கும் ஐயா. கோழிப் பிரட்டலெண்டால் இன்னும் விசேஷம்."

ஹாஜியாரின் சிபாரிசு

முஸ்லிம் இடத்துக்குப் போட்டியிட்டவர்கள் இரண்டே பேர். அவர்களில் ஒருவருடைய மாமா வத்தேகமவில் துணிக்கடை வைத்திருந்த ஹாஜியார். அங்குள்ள பாடசாலைக்குக் காணி கொடுத்தவர். அவர் குடையும் கையுமாக என் மேசைக்கு முன்னால் வந்து நின்றார். காணி கொடுத்தவரிடம் முடியாது என்று எப்படிச் சொல்வது?

சிபாரிசுக்காரருக்கு வழக்கமாகச் சொல்லும் பதிலை நான் தொடங்குமுன்னே அவர் கையைக் காட்டி நிறுத்தினார். மருமகன் எட்டு மணிக்கு முன் எழும்பமாட்டாராம். கடையில் வைத்துப் பார்த்தாராம், வந்தவர்களோடு வாய்ச்சண்டை. மற்றப் பையனுக்கு வாப்பா இல்லை, ஆனால் பிள்ளைகளுக்குப் பொறுமையாகச் சொல்லிக்கொடுப்பானாம். அந்தப் பையனுக்குத்தான் புள்ளிகளும் கூட என்று நான் சொன்னதும் ஹாஜியார் பெருமூச்சு விட்டுக் கதிரையில் உட்கார்ந்தார்.

"அந்த இடம் எங்கட ஆக்களுக்கு ஒதுக்கினதுதான், கிளாக்கர் ஐயா. அதுக்காக ஒதுக்கி வைக்க வேண்டிய ஆளையே அனுப்பிடாதீங்க."

முதலாவதாக வந்தவள்

இனி என் சொந்தக் கஷ்டம். புள்ளிகளை வாசல் பலகையில் ஒட்டியிருந்தோம். எல்லோருக்கும் மேலே மடுல்கெல்லத் தோட்டத்துச் செல்லம்மா நின்றாள். ஐந்தாவதாக என் மனைவியின் தம்பி தங்கராசா நின்றான். பொது இடமோ நாலுதான்.

"தோட்டப் பிள்ளையைத் தோட்ட இடத்திலை போடும். இதிலை என்ன யோசினை?" என்றார் பெரிய கிளாக்கர். அப்படிப் போட்டால் பொது இடங்கள் இரண்டாவது முதல் ஐந்தாவது வரை வந்தவர்களுக்கு, தங்கராசா மாஸ்டராகிவிடுவான். சுற்றறிக்கை இதைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. நான் அப்படியே டைப் செய்தேன். ஓர் எழுத்துப் பிழைகூட விடவில்லை என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

மறுநாள் செல்லம்மா தகப்பனோடு வந்தாள். அவர் தேயிலைச் செடிகளைக் கத்தரித்துக் கவ்வாத்து வெட்டும் தொழிலாளி. எவ்வளவு கூப்பிட்டும் படி ஏறாமல் வாசலிலேயே நின்றார். அவள் உள்ளே வந்து, தன்னை எந்த இடத்தில் போட்டிருக்கிறீர்கள் என்று கேட்டாள். சொன்னேன். அவள் சந்தோஷப்படுவாள் என்று நினைத்தேன். அவள் பலகைப் பக்கம் ஒரு தரம் திரும்பிப் பார்த்தாள். தோட்டத்து ஆட்களில் அவளுக்கு அடுத்ததாக, பட்டியலில் ஒன்பதாவதாக, பன்வில இளைஞர் ஒருவர் இருந்தார்; இவர் உண்மையாகவே அங்கே தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர்.

"நான் மொதல்ல வந்தது பொதுப் பட்டியல்லதானேங்க ஐயா. அங்கேயே என்னை வைங்க. ஒதுக்குன எடத்தை அந்தப் பன்வில அண்ணனுக்கு விடுங்க. எங்க பக்கம் ரெண்டு பேரு வாத்தியாரானா கூடிப்போச்சுன்னு யாராச்சும் சொல்லுவாங்களா?"

வீட்டுத் தீர்ப்பு

அவள் போன பிறகு டைப் மெஷினைப் பார்க்கவே எனக்கு வெட்கமாக இருந்தது. அவள் சொன்னபடி இன்னொரு பட்டியல் தயாரித்து, இரண்டையும் எடுத்துக்கொண்டு கந்தோர் மேலதிகாரியான துரையின் அறைக்குப் போனேன். ஐந்தாவது ஆள் என் மச்சான் என்பதையும் சொல்லிவிட்டேன். அவர் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டுப் புதிய பட்டியலில் கையெழுத்து வைத்தார். செல்லம்மாவுக்கும் பன்வில இளைஞருக்கும் ஒரே தபாலில் நியமனக் கடிதம் போனது. பெரிய கிளாக்கர் ஒரு மாதம் என்னோடு பேசவில்லை. அது ஒரு வகையில் நிம்மதி.

வீட்டில்தான் பயம். மனைவி சோற்றைப் போட்டபடி எல்லாவற்றையும் கேட்டாள். கடைசியில் அகப்பையைக் கீழே வைத்தாள்.

"நாலு கதிரையிலை அஞ்சு பேர் இருக்கேலாது எண்டு அம்மாவுக்கு நானே எழுதிறன். தம்பியும் அடுத்த முறை கொஞ்சம் படிக்கட்டும். நீங்கள் மட்டும் இந்தத் தீபாவளிக்கு அங்கை வராதேங்கோ."

நியாயமான ஒரு பட்டியலை டைப் செய்ய எனக்குப் பத்து நிமிஷம் எடுத்தது. மாமியார் வீட்டுப் படி ஏற மூன்று வருஷம் எடுத்தது.